இடைநீக்கமும் நீதிமன்றமும்: திருவனந்தபுரத்திலிருந்து ஒரு வரலாற்றுப் பார்வை

1974ஆம் ஆண்டு. கரமனையில் ஆற்றுக்குப் பக்கத்தில் ஒரு பழைய ஓட்டு வீட்டில் நாங்கள் கூட்டுக் குடும்பமாக இருந்தோம். நாகர்கோவில் பக்கத்திலிருந்து தாத்தா காலத்தில் வந்து குடியேறிய குடும்பம். பெரியப்பா ஓர் அரசு அலுவலகத்தில் கேஷியர். ஒருநாள் மத்தியானம் மூன்று மணிக்கே வீட்டுக்கு வந்துவிட்டார். குடையை மூலையில் சாத்திவிட்டு, சட்டைகூடக் கழற்றாமல் திண்ணையில் உட்கார்ந்தார். பெரியம்மை, "காய்ச்சலா?" என்று கேட்டாள். அவர் பதில் சொல்லாமல் பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்து என் அப்பாவிடம் நீட்டினார்.

தணிக்கையில் 412 ரூபாய் குறைந்திருக்கிறது. விசாரணை முடியும் வரை அவர் பணியிலிருந்து விலக்கி வைக்கப்படுகிறார். இதுதான் அந்த ஆணையின் சாரம். கடைசியில், இது தண்டனை அல்ல என்ற பொருளில் ஒரு வரியும் இருந்தது. பெரியப்பா அந்த வரியைத்தான் விரலால் தொட்டுக் காட்டினார். "தண்டனை இல்லேன்னு எழுதியிருக்கான் பாத்தியா? அப்போ இது என்னது?" என்றார்.

அந்தக் கேள்விக்கு அன்று எங்கள் வீட்டில் யாருக்கும் பதில் தெரியவில்லை. இந்திய நீதிமன்றங்கள் ஏறத்தாழ எழுபது ஆண்டுகளாக அதே கேள்விக்குத்தான் பதில் தேடி வருகின்றன என்பது பிற்காலத்தில் படித்தபோது எனக்கு விளங்கியது. திருவனந்தபுரத்துத் தமிழ்க் குடும்பங்களில் செயலகம், கணக்காயர் அலுவலகம், வங்கி, அஞ்சலகம், கருவூலம் என்று ஏதாவது ஓர் உத்தியோகத்தைச் சார்ந்திராத வீடு குறைவு. ஆகவே இந்த வரலாறு நம் வீட்டு வரலாறும்கூட. அதை இங்கே சுருக்கமாகச் சொல்ல முயல்கிறேன்.

விசாரணைக்கு முன் தீர்ப்பு: பழங்காலம்

குற்றச்சாட்டுக்கும் தண்டனைக்கும் நடுவே விசாரணை என்று ஒன்று வேண்டும் என்பதைத் தமிழருக்குப் புதிதாகச் சொல்ல வேண்டியதில்லை. சிலப்பதிகாரத்தின் மதுரைக் காண்டம் முழுவதும் அதைத்தான் பேசுகிறது. பொற்கொல்லன் சொன்னான், பாண்டியன் ஆணையிட்டான், கோவலன் மாண்டான். சிலம்பை உடைத்துப் பார்த்தது அதற்குப் பிறகு. வரிசை மாறியதுதான் அங்கே குற்றம்.

பொதுப்பணத்தைக் கையாள்பவரிடம் கடுமை வேண்டும் என்பதும் நம்மிடம் பழைய எண்ணமே. உத்திரமேரூர்க் கல்வெட்டுகளை (கி.பி. 919, 921) எல்லோரும் குடவோலைத் தேர்தலுக்காகப் புகழ்கிறோம். அதே கல்வெட்டில் இன்னொரு விதியும் இருக்கிறது. வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாமல் போனவர் மறுபடி வாரியத்துக்கு வர முடியாது. அவருடைய நெருங்கிய உறவினர்களுக்கும் அந்தத் தடை உண்டு. முதலாம் பராந்தகன் காலத்திலேயே கணக்கு ஒப்படைக்காதவனுக்குப் பதவி கிடையாது. ஆனால் உறவினரையும் சேர்த்து விலக்கியதை இன்றைய நீதிமன்றம் ஏற்காது.

நாம் வாழும் இந்த மண்ணுக்கு வருவோம். 1799இல் திருவிதாங்கூரில் ஜயந்தன் சங்கரன் நம்பூதிரி, சங்கரநாராயணன் செட்டி, மாத்து தரகன் ஆகிய மூவர் கையில் ஆட்சி இருந்தது. கஜானா காலியானபோது ஊர்ப் பெரியவர்களையும் அதிகாரிகளையும் மிரட்டிப் பணம் வசூலித்தார்கள். காரியக்காரராக இருந்தவர் தலக்குளத்து வேலுத்தம்பி. அவரையும் பணம் கேட்டார்கள். அவர் நாஞ்சில் நாட்டு மக்களைத் திரட்டிக்கொண்டு திருவனந்தபுரம் கோட்டை வாசலுக்கு வந்தார். அரசர் பணிந்தார். நம்பூதிரி நாடு கடத்தப்பட்டார். மற்ற இருவருடைய காதுகளும் அறுக்கப்பட்டன என்று திருவிதாங்கூர் வரலாற்று நூல்கள் எழுதுகின்றன.

மக்கள் மகிழ்ந்திருப்பார்கள், சந்தேகமில்லை. ஆனாலும் அங்கே குற்றப்பத்திரிகை உண்டா, பதில் சொல்ல அவகாசம் உண்டா, மேல்முறையீடு உண்டா என்று கேட்டால் எதுவும் இல்லை. பிறகு அந்தக் காது தவறாக அறுக்கப்பட்டது என்று தெரிந்திருந்தால் ஒட்ட வைக்கவா முடியும்? "முதலில் விலக்கி வை, பிறகு விசாரி, அதன்பின் தண்டி" என்ற இன்றைய முறை, காதறுத்த காலத்தோடு ஒப்பிட்டால் பெரிய முன்னேற்றம்தான். இடைநீக்கத்தைக் குறை சொல்லும் முன் இதையும் நினைவில் வைக்க வேண்டும்.

உத்தியோகம் என்ற சொத்து

பத்தொன்பதாம் நூற்றாண்டில் திருவிதாங்கூர் அரசுப் பணி விரிந்தது. கும்பகோணத்துக்காரரான டி. மாதவராவ் 1858 முதல் 1872 வரை திவான். 'மனோன்மணீயம்' எழுதிய பெ. சுந்தரம் பிள்ளை மகாராஜா கல்லூரியில் பேராசிரியராக மட்டும் இருந்தவர் அல்லர். சில ஆண்டுகள் பிறவகைச் சிரஸ்தாராக வருவாய்த் துறையிலும் வேலை பார்த்தார். 'திருவிதாங்கூர் ஸ்டேட் மானுவல்' (1906) எழுதிய வே. நாகமய்யா அரசு உத்தியோகஸ்தர். இப்படி வெளியிலிருந்து வந்த தமிழ் பேசுவோர் பெரிய பதவிகளை நிறைத்தார்கள் என்ற மனக்குறைதான் 1891இல் பத்தாயிரத்துக்கு மேற்பட்டோர் கையெழுத்திட்ட மலையாளி மெமோரியலாக வெடித்தது. அந்தக் குறையில் நியாயமும் இருந்தது. 1936இல் டாக்டர் ஜி.டி. நோக்ஸ் திருவிதாங்கூரின் முதல் பப்ளிக் சர்வீஸ் கமிஷனராக நியமிக்கப்பட்டதற்கு, உத்தியோகப் பங்கீட்டுக்காக நடந்த இத்தகைய நீண்ட போராட்டங்களே பின்னணி.

இதைச் சொல்லக் காரணம் உண்டு. இந்த ஊரில் உத்தியோகம் என்பது வெறும் சம்பளம் அல்ல. நிலம் இல்லாமல் வந்து குடியேறிய நம்மவர்க்கு அதுவே நிலம், அதுவே மானம், பெண்ணுக்கு மாப்பிள்ளை தேடும்போது சொல்லும் முகவரி. அது பாதியில் நின்றுபோனால் என்ன ஆகும் என்பதை அந்தப் பின்னணியில்தான் புரிந்துகொள்ள முடியும்.

1949 ஜூலை 1இல் திருவிதாங்கூரும் கொச்சியும் இணைந்தன. தலைநகர் திருவனந்தபுரத்துக்குக் கிடைத்தது; உயர் நீதிமன்றம் எர்ணாகுளத்துக்குப் போனது. ஜூலை 7 அன்று அங்கே ராம்மோகன் அரண்மனையில் அது திறக்கப்பட்டது. 1956 நவம்பர் 1இல் கேரளம் பிறந்தபோதும் அந்த ஏற்பாடு மாறவில்லை. அதே நாளில் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு தாலுகாக்கள் சென்னை மாநிலத்துக்குப் போயின. ஆணை பிறப்பிக்கும் இடம் திருவனந்தபுரம், அந்த ஆணையை எதிர்க்கும் இடம் சுமார் 200 கிலோமீட்டர் தள்ளி எர்ணாகுளம் என்றானது. இதன் கனம் பெரியப்பா கதையில் பிறகு வரும்.

அது தண்டனையா?

அரசியல் சாசனத்தின் 311ஆம் பிரிவு அரசு ஊழியருக்கு ஒரு கவசம். விசாரணை நடத்தி, குற்றச்சாட்டைச் சொல்லி, பதில் சொல்ல வாய்ப்புத் தராமல் அவரை டிஸ்மிஸ் செய்யவோ, பணியிலிருந்து அகற்றவோ, பதவி இறக்கவோ கூடாது. இடைநீக்கம் இந்த மூன்றில் எதிலாவது அடங்குமா? இதுதான் முதலில் எழுந்த வழக்கு.

லஞ்சப் புகாருக்கு ஆளான ஒரு நீதித்துறை அதிகாரி தொடுத்த 'முகம்மது கவுஸ் எதிர் ஆந்திர அரசு' வழக்கில் உச்ச நீதிமன்றம் 1956இல் தெளிவாகச் சொன்னது: விசாரணை முடியும்வரை விலக்கி வைப்பது அந்த மூன்றில் ஒன்று அல்ல; எனவே 311இன் கவசம் அதற்குப் பொருந்தாது. பெரியப்பாவின் ஆணையில் இருந்த அந்த ஒற்றை வரிக்கு வேர் இந்தத் தீர்ப்பு போன்றவைதான்.

அடுத்த கேள்வி, அரசுக்கு இந்த அதிகாரம் எங்கிருந்து வருகிறது என்பது. 1959இல் டெல்லி இம்பீரியல் ஹோட்டல் தொழிலாளர் வழக்கிலும், அதன்பின் ஐ.சி.எஸ். அதிகாரி ஆர்.பி. கபூர் வழக்கிலும், 1968இல் பல்வந்த்ராய் படேல் வழக்கிலும் நீதிமன்றம் இதை விரித்துப் பேசியது. சுருக்கமாக இப்படிச் சொல்லலாம். வேலைக்கு வைத்தவர் "இனி வேலைக்கு வராதே" என்று சொல்லலாம். அது அவர் உரிமை. ஆனால் ஒப்பந்தம் முறியவில்லை. ஆகவே சம்பளத்தைக் குறைக்க வேண்டுமானால் அதற்கென்று சட்டமோ விதியோ இருக்க வேண்டும். விதி இல்லாவிட்டால் முழுச் சம்பளம் தர வேண்டியதுதான்.

அதனால் அரசுகள் விதி எழுதி வைத்தன. நம் மாநிலத்தில் அது 1960ஆம் ஆண்டின் கேரள சிவில் சர்வீசஸ் (வகைப்பாடு, கட்டுப்பாடு, மேல்முறையீடு) விதிகளின் 10ஆம் விதி. துறை விசாரணை நடந்தாலோ, நடத்த உத்தேசித்தாலோ, குற்ற வழக்கின் புலன்விசாரணையோ நீதிமன்ற விசாரணையோ நிலுவையில் இருந்தாலோ ஒருவரை இடைநீக்கம் செய்யலாம். 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால் தனி ஆணையே வேண்டாம். அவர் தானாகவே இடைநீக்கம் ஆனதாகக் கருதப்படுவார். சம்பளத்துக்குப் பதில் என்ன கிடைக்கும் என்பதை 1959 நவம்பர் 1 முதல் நடப்புக்கு வந்த கேரள சர்வீஸ் ரூல்ஸின் 55ஆம் விதி சொல்கிறது. அரைச் சம்பள விடுப்பில் இருந்தால் கிடைக்கும் தொகையும் அதற்குரிய பஞ்சப்படியும். தமிழ்நாட்டில் இதைப் பிழைப்பூதியம் என்கிறார்கள், மலையாளத்தில் உபஜீவன பத்தா. இரண்டு பெயரிலும் உயிர் பிழைத்துக் கிடப்பதற்கு என்ற பொருள்தான் தொனிக்கிறது.

இதை வாங்க ஒரு நிபந்தனையும் உண்டு. "நான் வேறு எந்த வேலையிலும் தொழிலிலும் ஈடுபடவில்லை" என்று எழுதிக் கொடுக்க வேண்டும். பெரியப்பா மாதாமாதம் அழகான கையெழுத்தில் அதை எழுதுவார். ஒரு நகலை டிரங்குப் பெட்டியில் வைப்பார். அலுவலகத்தில் கால் வைக்கவும் முடியாது, வேறு வேலைக்குப் போகவும் கூடாது. காலையில் குளித்துத் திருநீறு பூசி, வழக்கம்போல் ஒன்பது மணிக்குக் குடையை எடுத்துக்கொண்டு கிளம்புவார். எங்கே போகிறார் என்று பல நாள் எங்களுக்குத் தெரியாது. பொது நூலகத்தில் உட்கார்ந்துவிட்டு ஐந்தரைக்குத் திரும்பினார் என்பது பின்னால் தெரிந்தது. அக்கம்பக்கத்தாருக்காக அந்த நாடகம். வீட்டில் அரிசி பாதி, மரச்சீனி பாதி.

சோற்றை முன்வைத்த வழக்குகள்

இடைநீக்கம் செய்யலாமா கூடாதா என்ற வழக்குகளைவிட, இடைநீக்கக் காலத்தில் மனிதன் எப்படிச் சாப்பிடுவான் என்ற வழக்குகளே இந்த வரலாற்றில் மனத்தைத் தொடுவன.

முதலில் மத்தியப் பிரதேசத்து வனத்துறை ஊழியர் கன்ஷ்யாம் தாஸ் ஸ்ரீவாஸ்தவாவின் வழக்கு. அவர் இருந்தது ரேவாவில், விசாரணை வைத்தது சுமார் 500 கிலோமீட்டர் தொலைவில் உள்ள ஜகதல்பூரில். பிழைப்பூதியம் தரவில்லை. "கையில் காசில்லை, வர முடியவில்லை" என்று எழுதினார். அவர் இல்லாமலே விசாரணை நடத்தி வேலையைவிட்டு நீக்கினார்கள். காசில்லாதவனை 500 கிலோமீட்டருக்கு அப்பால் வரச் சொன்னால் அது பதில் சொல்லக் கொடுத்த வாய்ப்பு ஆகாது என்று 1973இல் உச்ச நீதிமன்றம் அந்த நீக்கத்தையே ரத்து செய்தது.

அடுத்தது 1983இல் வந்த சந்திரபான் தாலே வழக்கு. பம்பாய் விதி ஒன்று, கீழ் நீதிமன்றத்தில் தண்டனை பெற்று மேல்முறையீடு செய்திருக்கும் இடைநீக்க ஊழியருக்கு மாதம் 1 ரூபாய் பிழைப்பூதியம் என்று சொன்னது. எழுத்துப் பிழை அல்ல, ஒரு ரூபாயேதான்! அது பிழைப்பூதியத்தைக் கேலி செய்வது என்று கருதிய உச்ச நீதிமன்றம் அந்த விதியைச் செல்லாது என்றது. மேல்முறையீட்டில் அவர் விடுதலை ஆகலாம். அதுவரை உயிரோடு இருக்க வேண்டுமல்லவா?

மூன்றாவது வழக்கு நமக்கு மிக நெருக்கமானது. கோலார் தங்கவயல், தலைமுறை தலைமுறையாகத் தமிழர் மண்ணுக்கடியில் உழைத்த ஊர். அங்கே பொதுத்துறை நிறுவனமான பாரத் கோல்டு மைன்ஸில் பாதுகாப்பு அதிகாரியாக இருந்தவர் கேப்டன் எம். பால் ஆண்டனி. 1985 ஜூன் 2 அன்று அவர் வீட்டில் போலீஸ் சோதனை. 4.5 கிராம் எடையுள்ள ஒரு தங்க உருண்டையும், 1276 கிராம் தங்கம் கலந்த மணலும் எடுத்ததாகச் சொன்னார்கள். வழக்குப் பதிவானது, இடைநீக்கம் வந்தது. துறை விசாரணையும் குற்ற வழக்கும் ஒரே சமயத்தில் ஓடின. குற்ற வழக்கு முடியும்வரை துறை விசாரணையை நிறுத்தி வையுங்கள் என்று கேட்டார், கேட்கவில்லை. பிழைப்பூதியமும் தரவில்லை. கேரளத்தில் இருந்த தம் ஊரிலிருந்து தங்கவயல் வரை பயணம் செய்ய அவரிடம் பணமில்லை. அவர் இல்லாமலே விசாரணை முடிந்தது. 1986இல் டிஸ்மிஸ்.

மறு ஆண்டே, 1987இல், குற்றவியல் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. சோதனையில் பொருள் எடுக்கப்பட்டதே நிரூபணமாகவில்லை. தீர்ப்பை எடுத்துக்கொண்டு நிர்வாகத்திடம் போனார். பயனில்லை. கர்நாடக உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதி அவர் பக்கம் தீர்ப்பளித்தார். இரு நீதிபதி அமர்வு அதை மாற்றியது. கடைசியில் 1999 மார்ச் 30இல் உச்ச நீதிமன்றம் அவரை மறுபடி வேலையில் சேர்க்க ஆணையிட்டது. பிழைப்பூதியம் கொடுக்காதது மெல்ல மெல்ல விஷம் வைப்பதற்குச் சமம் என்று நீதிபதி சகீர் அகமது எழுதினார். ஒருவர் அரசு வேலையில் சேர்வதால் மனித உரிமையை வாசலில் கழற்றி வைத்துவிட்டு உள்ளே போவதில்லை என்பதும் அந்தத் தீர்ப்பின் கருத்து. துறை விசாரணையும் குற்ற வழக்கும் ஒரே சாட்சியத்தை நம்பி நிற்கும்போது எப்போது ஒன்றை நிறுத்தி வைக்கலாம் என்பதற்கும் நீதிமன்றங்கள் இந்தத் தீர்ப்பைத்தான் இன்றும் எடுத்துக் காட்டுகின்றன.

சோதனை 1985, தீர்ப்பு 1999. பதினான்கு ஆண்டு. 2001இல் தங்கவயல் சுரங்கமே மூடப்பட்டது.

பொதுப்பணத்தின் பக்கம்

இவ்வளவையும் படித்துவிட்டு "அப்படியானால் யாரையும் இடைநீக்கம் செய்யவே கூடாதா?" என்று ஒருவர் கேட்டால், அந்தக் கேள்வியும் நியாயமே. எல்லாக் கேஷியரும் என் பெரியப்பா அல்ல.

நம் ஊரிலேயே ஓர் உதாரணம். 2020இல் வஞ்சியூர் கூடுதல் சப் ட்ரஷரியில், அந்த ஆண்டு மே மாதம் ஓய்வு பெற்றுப் போன ஓர் அதிகாரியின் கடவுச்சொல்லைப் பயன்படுத்தி, மாவட்ட ஆட்சியரின் அரசுக் கணக்கிலிருந்து சுமார் 2 கோடி ரூபாய் மாற்றப்பட்டதாகக் கண்டுபிடித்தார்கள். சம்பந்தப்பட்ட ஊழியர் முதலில் இடைநீக்கம் செய்யப்பட்டார். சில நாட்களில் நோட்டீஸ் இல்லாமலே டிஸ்மிஸ் ஆனார். இப்படி ஒரு புகார் எழுந்தபின் அதே கணினி முன் அதே ஆளை உட்கார வைக்க முடியுமா? சாட்சிகள் அவருக்குக் கீழே வேலை பார்ப்பவர்கள், ஆவணங்கள் அவர் மேசை இழுப்பறையில். விலக்கி வைக்காமல் விசாரித்தால் அது விசாரணையாக இருக்காது.

நீதிமன்றங்களும் இதை மறக்கவில்லை. உத்தரப் பிரதேச வேளாண் சந்தைக் கழக ஊழியர் சஞ்சீவ் ராஜன் வழக்கில் (1993), பணக் கையாடல் போன்ற கடுமையான புகார் உள்ளபோது இடைநீக்கத்தில் நீதிமன்றம் சாதாரணமாகத் தலையிடக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. பிமல் குமார் மொகந்தி வழக்கில் (1994) ஒரு சமநிலையைக் காட்டியது: புகாரின் கனம், சாட்சியத்தின் தன்மை, பொதுநலன் எல்லாவற்றையும் யோசித்தே இடைநீக்கம் செய்ய வேண்டும், வழக்கமான அலுவலகச் சடங்குபோல் செய்யக் கூடாது. 1997இல் அலகாபாத் வங்கி ஊழியர் தீபக் குமார் போலா வழக்கில் இன்னும் கடுமை. குற்றப்பத்திரிகை தாக்கலாகிப் பத்தாண்டு ஓடிவிட்டது என்பதற்காக மட்டும், பணம் புழங்கும் வங்கிப் பொறுப்பில் அவரைத் திரும்ப உட்கார வைக்க முடியாது என்றது.

மேலோட்டமாகப் பார்த்தால் 1997உம் 1999உம் முரண்படுவதுபோல் தோன்றும். உண்மையில் இரண்டும் வெவ்வேறு கேள்விகளுக்குப் பதில். விலக்கி வைக்கலாமா என்று கேட்டால், தக்க காரணம் இருந்தால் வைக்கலாம். பட்டினி போடலாமா என்று கேட்டால், ஒருக்காலும் கூடாது. எவ்வளவு காலம் என்ற மூன்றாவது கேள்விக்கு மட்டும் அப்போது சரியான பதில் இல்லை.

எவ்வளவு காலம்?

அந்தப் பதில் 2015 பிப்ரவரி 16இல் வந்தது. பாதுகாப்புத் துறை நிலங்களை நிர்வகித்த அஜய் குமார் சௌத்ரி என்ற அதிகாரி, நிலம் தொடர்பான தடையின்மைச் சான்று வழங்கியதில் முறைகேடு என்ற புகாரில் 2011இல் இடைநீக்கம் செய்யப்பட்டார். நீட்டிப்புமேல் நீட்டிப்பு. நீதிபதிகள் விக்ரம்ஜித் சென், சி. நாகப்பன் அமர்வு இங்கிலாந்தின் 1215ஆம் ஆண்டு மாக்னா கார்ட்டாவரை திரும்பிப் பார்த்தது. நீதியை விற்கவோ மறுக்கவோ தாமதிக்கவோ மாட்டேன் என்று மன்னர் ஒப்புக்கொண்ட பட்டயம் அது. அமர்வில் இருந்த நாகப்பன், சென்னை உயர் நீதிமன்றத்திலும் நீதிபதியாக இருந்தவர்.

தீர்ப்பின் சாரம்: மூன்று மாதத்துக்குள் சார்ஜ் மெமோ, அதாவது குற்றச்சாட்டுக் குறிப்பாணை, கொடுக்கப்படாவிட்டால் இடைநீக்கம் அதற்கு மேல் நீளக் கூடாது. கொடுத்துவிட்டால், நீட்டிப்பதற்குக் காரணம் எழுதி ஆணையிட வேண்டும். சாட்சிகளைக் கலைப்பார் என்ற பயமிருந்தால் வேறு துறைக்கோ வேறு ஊருக்கோ மாற்றி வேலை வாங்கலாம். வேடிக்கை என்னவென்றால், சௌத்ரிக்கே அதனால் பயன் கிடைக்கவில்லை. அதற்குள் அவருக்குச் சார்ஜ் மெமோ கொடுக்கப்பட்டிருந்தது. அவர் நட்ட மரத்தின் நிழலில் வேறு பலர் உட்கார்ந்தார்கள்.

தமிழ்நாட்டிலேயே உதாரணம் உண்டு. திருப்பூர் பாசி நிதி நிறுவன மோசடி தொடர்பான வழக்கில் குற்றம்சாட்டப்பட்ட ஐ.பி.எஸ். அதிகாரி பிரமோத் குமார் 2012இல் இடைநீக்கம் செய்யப்பட்டார். 'தமிழ்நாடு அரசு எதிர் பிரமோத் குமார்' வழக்கில் 2018 ஆகஸ்ட் 21இல் உச்ச நீதிமன்றம், ஆறாண்டுக்கு மேல் நீண்ட இடைநீக்கத்தை இனியும் தொடர்வதால் பயனில்லை என்றது. அவர் குற்றமற்றவர் என்று அது சொல்லவில்லை. வழக்கு வழக்காக நடக்கட்டும், அதுவரை காலவரையின்றி ஒருவரை வெளியே நிறுத்தி வைக்க வேண்டியதில்லை என்பதே அதன் பொருள். தீர்ப்புகளைப் பற்றிப் பேசும்போது இந்த வேறுபாட்டை நாம் கவனமாகச் சொல்ல வேண்டும். "கோர்ட்டே விட்டுட்டாங்க" என்று திண்ணையில் பேசுவது எப்போதும் சரியாக இருக்காது.

எர்ணாகுளத்திலிருந்து வஞ்சியூருக்கு

இனி, வழக்குப் போடும் இடத்தைப் பற்றி. 1974இல் பெரியப்பா வழக்குப் போடவில்லை. "எர்ணாகுளத்துக்குப் போய் வக்கீல் பிடி, ரிட் போடு" என்று நண்பர்கள் சொன்னார்கள். அன்று இங்கிருந்து மீட்டர் கேஜ் ரயில். போக ஒரு நாள், வர ஒரு நாள், தங்கச் செலவு, வக்கீல் ஃபீஸ். பாதிச் சம்பளத்தில் எட்டுப் பேர் சாப்பிடும் வீட்டில் அதற்கு வழி ஏது? "எர்ணாகுளம் போற காசுக்கு ரெண்டு மாசம் அரிசி வாங்கலாம் மக்கா" என்று அப்பாவிடம் சொல்லிவிட்டார்.

இந்தச் சுமையைக் குறைக்க வந்ததுதான் நிர்வாகத் தீர்ப்பாயம். 1976இல் 42ஆவது திருத்தம் வழியாக 323-ஏ பிரிவு அரசியல் சாசனத்தில் சேர்ந்தது. 1985இல் நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டம் வந்தது. மத்திய அரசு ஊழியர்களுக்கான மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் அமர்வு ஒன்று எர்ணாகுளத்தில் அமைந்தது. கேரள அரசு ஊழியர்கள் காத்திருக்க வேண்டியிருந்தது. 2010இல்தான் கேரள நிர்வாகத் தீர்ப்பாயம் திருவனந்தபுரத்தில் தொடங்கி, இன்று வஞ்சியூரில் நடந்து வருகிறது. எர்ணாகுளத்திலும் அதன் அமர்வு உண்டு. தீர்ப்பாயத்தின் முடிவு பிடிக்காவிட்டால் உயர் நீதிமன்ற அமர்வுக்குப் போகலாம் என்பதை 1997இன் சந்திரகுமார் தீர்ப்பு உறுதி செய்தது. ஆணை பிறக்கும் செயலகத்துக்கும் அதை எதிர்க்கும் தீர்ப்பாயத்துக்கும் இடையே இன்று ஆட்டோவில் போகும் தூரம்தான். பெரியப்பா காலத்தில் இது இருந்திருந்தால் என்று நினைக்காமல் இருக்க முடியவில்லை.

பெட்டியில் இருந்த காகிதங்கள்

அவர் கதை எப்படி முடிந்தது? இரண்டு வருடம் மூன்று மாதம் கழித்து, வேறொரு தணிக்கையில் அந்த 412 ரூபாய் அகப்பட்டது. பணம் கட்டிய செலான் ஒன்று வேறு கணக்குத் தலைப்பில் வரவாகியிருந்தது. அவ்வளவுதான். மறுபடி வேலையில் சேர்த்தார்கள். ஆனால் அந்தக் காலத்தை எப்படிக் கணக்கிடுவது என்று ஒரு தனி முடிவு எடுக்க வேண்டும். விதிப்படி அது நிர்வாகத்தின் கையில். அவருக்கு அந்தக் காலத்தின் ஒரு பகுதியை விடுப்பாகக் கழித்தார்கள். இன்கிரிமென்ட் தள்ளிப்போனது. முழுமையான விடுவிப்பு என்றால் முழுச் சம்பளம் என்ற வாதத்தை யாராவது முன்வைத்திருந்தால் கிடைத்திருக்கலாம். அவர் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்றும் அவருக்கு யாரும் சொல்லவில்லை.

அதற்குள் என் அக்காவுக்கு, அதாவது பெரியப்பா மகளுக்கு, நிச்சயமாகியிருந்த ஒரு சம்பந்தம் நின்றுபோனது. மாப்பிள்ளை வீட்டார் காரணம் சொல்லவில்லை. பிழைப்பூதிய விதியில் அதற்கு ஈடு கிடையாது.

இன்று அரசுப் பணியிலோ வங்கியிலோ இருக்கும் நம் பிள்ளைகளுக்கு இந்த வரலாற்றிலிருந்து சில நடைமுறைக் குறிப்புகளைச் சொல்லலாம். இடைநீக்க ஆணை வந்தால் அதன் தேதியைக் குறித்து வையுங்கள். மூன்று மாதம் அங்கிருந்துதான் ஓடுகிறது. பிழைப்பூதியத்துக்கான சான்றை மாதந்தோறும் தவறாமல் கொடுத்து நகலில் கையொப்பம் வாங்குங்கள். அது வராவிட்டால் உடனே எழுத்தில் கேளுங்கள். பால் ஆண்டனிக்குக் கடைசியில் கைகொடுத்தவற்றில் அதுவும் ஒன்று. மறுபரிசீலனை கோரி மனுக் கொடுங்கள். வேலையில் திரும்பச் சேர்ந்தபின், இடைப்பட்ட காலத்தை எப்படி முடிவு செய்தார்கள் என்று கேட்காமல் இருந்துவிடாதீர்கள். பணம் புழங்கும் நாற்காலியில் இருப்பவர்கள் கடவுச்சொல்லையும் சாவியையும் சலானையும் யாரிடமும் நம்பிக் கொடுக்காதீர்கள்.

இன்னொன்று, வீட்டில் இருப்பவர்களுக்கு. இடைநீக்கமானவரைக் குற்றவாளியாகவும் பார்க்க வேண்டாம், தியாகியாகவும் பார்க்க வேண்டாம். விசாரணை முடியட்டும். சட்டம் அவ்வளவு பொறுமை காட்டும்போது சொந்தக்காரர்களும் அயலாரும் காட்டலாம்.

பெரியப்பா காலமான பிறகு டிரங்குப் பெட்டியைத் திறந்தோம். இருபத்தேழு சான்றுகளின் நகல்கள் தேதி வரிசையில் நூலால் கட்டப்பட்டிருந்தன. அடியில் அந்த முதல் ஆணை. 'தண்டனை அல்ல' என்ற வரியின் கீழே பென்சிலால் கோடு போட்டிருந்தார்.